ஹீன் மெனிக்கே கொடுத்த பெயர்

அந்தப் பெயர் வந்த வழியைச் சொல்லிவிட்டால், அது போன வழியைச் சொல்வது எளிது. இரத்தினபுரிக்கு மேலே, தேயிலை மலை முடிந்து வயல் தொடங்கும் இடத்தில், தோட்டத்து ஆட்கள் ‘நாடு’ என்று சொல்லும் சிங்களக் கிராமம் ஒன்று இருந்தது. அங்கே ஹீன் மெனிக்கே என்ற பெண்ணுக்கு முதல் இரண்டு பிள்ளைகளும் பால் மறக்கும் முன்பே இறந்து போக, மூன்றாவது முறை வயிறு கனத்ததும் அவள் ஒரு தட்டு நிறைய மல்லிகைப் பூவை ஏந்திக்கொண்டு சமன் தேவாலயத்துக்கு நடந்தே போய், இந்தப் பிள்ளை தங்கினால் உன் பெயரையே வைக்கிறேன் என்று தெய்வத்திடம் சொல்லிவிட்டு வந்தாள். பிள்ளை தங்கியது. சாதகம் பார்த்தவர் நட்சத்திரம் சதயம் என்றும், கோ, ச, சி, சு என்ற எழுத்துகளில் ஒன்றில் பெயர் தொடங்க வேண்டும் என்றும் ஓலையில் கீறிக் கொடுத்தபோது, தெய்வம் தன் பங்கைத் தானே எடுத்து வைத்துவிட்டது என்று அவள் சிரித்தாள். சுமனபால என்று பெயர் வைத்தார்கள். சுமன என்பது சமனின் இன்னொரு பெயர், சிவனொளிபாத மலையைக் காக்கும் தெய்வம். நல்ல மனம் என்றும் பொருள். அந்தப் பக்கத்து மல்லிகைக்கும் அந்தத் தெய்வத்தின் பெயர்தான். பால என்றால் காவல். சுமனனின் காவலில் இருப்பவன் என்று தாய் பொருள் சொன்னாள். பிறரைக் காக்கிறவன் என்று பன்சலையில் அவனுக்கு எழுத்துச் சொல்லிக் கொடுத்த பிக்கு பொருள் சொன்னார். எழுபத்தோராம் வருடம் சித்திரை மாதம், அவனுடைய இருபதாவது வயதில், கிளர்ச்சிக்காரப் பையன்களைத் தேடி வந்த இராணுவ ஜீப் ஒன்று வீட்டு வாசலில் நின்றபோது இரண்டு பொருளும் அவனுக்கு உதவவில்லை. ஏற்றிக்கொண்டு போனார்கள். திரும்ப வரவில்லை. உடம்பும் வரவில்லை. சுவரில் ஸ்டூடியோவில் எடுத்த ஒரு படம், வெள்ளைச் சட்டை, எண்ணெய் வைத்து வாரிய தலை. அதற்குக் கீழே தினமும் ஒரு குவளைத் தண்ணீர் வைத்து அவள் சொல்லும் அந்தப் பெயர். இவ்வளவுதான் மெனிக்கேயிடம் மிச்சம் இருந்தது.

ஆறு வருடம் கழித்து ஆவணி மாதத்தில் சிங்களக் கும்பல்கள் தோட்டத்துக்கு ஏறி, தமிழ்த் தொழிலாளர்களின் வரிசை வீடுகளான லயங்களுக்குத் தீ வைத்தன. மேலே மூன்று லயங்கள் எரிய, தமிழ் சனம் தேயிலைச் செடிகளுக்குள் புகுந்து நாலா பக்கமும் ஓட, மருதாயி என்ற கொழுந்து பறிக்கும் பெண் நிறைமாத வயிற்றைப் பிடித்துக்கொண்டு கீழே நாட்டுப் பக்கமாகவே இறங்கி வந்தாள், ஏனென்றால் மேலே ஏறுவதற்கு அவளுக்கு மூச்சு இல்லை. அவள் புருஷன் சன்னாசி பாதி வழியில் நின்று மடியைத் தடவிப் பார்த்தான்.

“இந்தா, ரேசன் புஸ்தகத்தை வுட்டுட்டு வந்திட்டேன். நீ எறங்கிக்கிட்டே இரு, வந்துர்றேன்.”

“அது எரிஞ்சா எரியட்டும், வாங்க.”

“புஸ்தகம் இல்லாம அரிசிக்கு என்னா பண்ணுவ? புள்ளைக்கும் சேர்த்துப் போடணும்ல” என்று சொல்லி அவன் சிரித்ததாகத்தான் மருதாயி பிறகு சொன்னாள். அவன் திரும்பி ஏறினான். அவன் உடம்பை ஆற்று மேட்டில் கண்டெடுத்தபோது மடியில் ரேசன் புத்தகம் இருந்தது.

மெனிக்கே கொல்லைப் பக்கம் வந்து நின்ற பெண்ணைப் பார்த்தாள், வயிற்றைப் பார்த்தாள், ஒன்றும் கேட்காமல் அடுப்படிக்குள் கூட்டிப் போனாள். அங்கே விறகடுக்குக்குப் பின்னால் விடியும் நேரத்தில் ஓர் ஆண் பிள்ளை பிறந்தது. மெனிக்கே தொப்புள் கொடியை அறுத்தாள், மருதாயியின் மூக்குத்தியைக் கழற்றினாள், பொட்டை அழித்தாள், தாலிக் கயிற்றைச் சட்டைக்குள் தள்ளி மறைத்தாள், தன் பழைய துணியை உடுத்திப் பாயில் படுக்க வைத்தாள். வெயில் முற்றத்துக்கு வரும் வேளையில் பதினொரு பேர் வந்தார்கள். முன்னால் நின்றவன் அவள் மகனோடு ஒரே பெஞ்சில் உட்கார்ந்து படித்தவன், அவள் கையால் கிழங்கு தின்றவன்.

“யாருடைய பிள்ளை அம்மே?”

“என் தங்கச்சி மகளுடையது. அவளுக்குக் காய்ச்சல், எழுப்பாதே.”

“பெயர் என்ன?”

“நேற்றுப் பிறந்த பிள்ளைக்குப் பெயரா?”

“உங்கள் வீட்டில் வயிற்றில் இருக்கும்போதே பெயர் இருக்குமே.”

ஊரில் நூறு பெயர்கள் இருந்தன, அவளுக்கும் நூறு பெயர் தெரியும், ஆனால் எந்தப் பெயரைச் சொன்னாலும் அவன் கண் அதைப் பொய் என்று பிடித்துவிடும் என்று தெரிந்தது. அவன் கையில் கட்டை இருந்தது. அவள் சொன்னாள்: “சு எழுத்து வந்திருக்கிறது. வேறு என்ன வைப்பேன்? சுமனபால.”

அவன் தலை குனிந்தது. இந்த ஒரு பெயரை மெனிக்கேயால் பொய்க்குச் சொல்ல முடியாது என்பது அவனுக்குத் தெரியும். அவள் பொய்க்குச் சொல்லவும் இல்லை. அவர்கள் போனார்கள். அன்று மத்தியானம் அவள் வழக்கம்போலப் படத்துக்குக் கீழே தண்ணீர் வைத்து, வழக்கம்போல வாயைத் திறந்தாள். வாய் திறந்தபடியே இருந்தது.

பெயர் போய்விட்டது. பாயில் கிடந்த பிள்ளையைப் பார்த்துச் சுமனபால என்று கூப்பிட அவளால் முடிந்தது. படத்தில் இருந்தவனைப் பார்த்து முடியவில்லை. அந்தச் சொல்லைக் காதால் கேட்டாலும் அந்தச் சிவந்த சின்ன முகம்தான் மனசில் வந்தது. அந்த நாட்டுக் கிராமத்தில் எல்லாருக்கும் இப்படித்தான் ஆனது. பள்ளிக்கூடச் சேர்க்கைப் புத்தகத்தில் ஒரு வரி வெள்ளையாக இருந்தது. சாதக ஓலையில் கீறல் மூடிக்கொண்டு வழவழப்பாக இருந்தது. யாரும் இதற்காகப் பெரிதாக வியக்கவில்லை. கொடுத்தது போனது, கொடுத்த வீட்டில் குறையத்தானே செய்யும் என்றார்கள். கள்ளுக்குக் கித்துல் மரம் சீவுகிறவன் மட்டும் நாலு நாள் முயன்று பார்த்துவிட்டு, “அறுபத்தொன்பதில் என் கத்தியை வாங்கிப் போனான், திருப்பித் தரவில்லை. நான் அவனைக் கத்தி வாங்கினவன் என்று சொல்லிக்கொள்கிறேன்” என்றான். மற்றவர்கள் மெனிக்கே மகன் என்றார்கள். ஒரு படி உடைந்த ஏணியில் கால் தானாகத் தாண்டி வைக்கப் பழகுவதுபோல, இரண்டு மாதத்தில் ஊர் அந்த இடத்தைத் தாண்டிப் பேசப் பழகிவிட்டது.

மேலே தோட்டத்தில் வேறு விதமாகப் போனது. தகரம் போட்டு லயத்தைத் திருப்பிக் கட்டினார்கள், மருதாயி அண்ணன் வேலாண்டியின் காம்பராவில் பிள்ளையோடு தங்கினாள், முப்பதாம் நாள் மாரியம்மன் கோயில் பூசாரி பிள்ளையின் காதில் மூன்று முறை ஒரு பெயரைச் சொன்னார். மறுநாள் காலை ஆள் எண்ணும் பெரட்டுக்கு வந்த நூற்றிருபது பேரில் ஒருவருக்கும், பூசாரிக்கும், அது என்ன பெயர் என்று ஞாபகம் இல்லை. இரண்டாவது பெயர் வைத்தார்கள். அது சாயங்காலம் வரைக்கும் நின்றது. மூன்றாவது பெயரை வேலாண்டி சிலேட்டில் எழுதிக் கதவில் மாட்டி வைத்தான். காலையில் சிலேட்டு கழுவி வைத்ததுபோல இருந்தது. தாய்மார் வேலைக்குப் போகும்போது பிள்ளைகளை விட்டுப்போகும் பிள்ளைமடுவத்தில் பால்மா கொடுக்கும் செபமாலை, எல்லாரையும் வாயால் அடக்கி வைத்திருக்கிறவள், கடைசியில் சலித்துப்போய் அந்தப் பிள்ளையை மடியில் போட்டுக்கொண்டு, சிங்கள ஐயா ஒருவரைக் கூப்பிடுகிற மாதிரி, “வாய்யா சுமனபால மாத்தயா, குடி” என்றாள். பிள்ளை திரும்பிப் பார்த்துச் சிரித்தது. அதற்குப் பிறகு பேச்சு இல்லை. லயத்தில் தீ வைத்தவர்களின் பாஷைப் பெயரை வாயில் எடுக்க மாட்டேன் என்று சபதம் போட்ட கிழவர்கள் ஒரு வருடம் ‘டேய்’ என்று கூப்பிட்டுப் பார்த்தார்கள்; பிள்ளை மண்ணைத் தின்றுகொண்டு அசையாமல் இருக்கும்; ஓடிப்போய்த் தூக்குவதைவிடக் கூப்பிடுவது சுலபம் என்று அவர்களும் விட்டுவிட்டார்கள்.

செத்தவர்களுக்குச் சித்திரையில் தானம் கொடுப்பது மெனிக்கே வீட்டு வழக்கம். பிக்குவுக்குச் சோறு படைத்து, அதனால் கிடைக்கும் புண்ணியத்தை இறந்தவனுக்குச் சேரச் சொல்லி, ஒரு தட்டில் கிண்ணத்தை வைத்து, கிண்ணம் நிறைந்து தட்டில் வழியும் மட்டும் தண்ணீர் ஊற்ற வேண்டும். ஊற்றும்போது இறந்தவன் பெயரைச் சொல்ல வேண்டும். அந்த வருடம் தண்ணீர் வழிந்தது, சொல்லப் பெயர் இல்லை. பிக்கு விசிறியைத் தாழ்த்தி, “யாருக்கு என்று சொல்லாமல் அனுப்பினால் வழியில் இருக்கிற யாராவது எடுத்துக்கொள்வார்கள், உபாசிகாவே” என்றார். அவருக்கும் களைப்பாக இருந்தது. அவர்தான் அவன் கையைப் பிடித்து முதல் எழுத்தை மணலில் எழுத வைத்தவர்.

மறு வருடத்திலிருந்து மருதாயி பிள்ளையைத் தூக்கிக்கொண்டு தானத்துக்கு இறங்கி வந்தாள். தண்ணீர் ஊற்றும் வேளையில் முற்றத்தில் நின்று, சுமனபால, சுமனபால, சுமனபால என்று பிள்ளையை மூன்று முறை கூப்பிடுவாள். அந்தச் சொல் காற்றில் இருந்தால் போதும், சேர வேண்டியவனுக்குச் சேரும் என்று எல்லாரும் நினைத்தார்கள். சேர்ந்தது பிள்ளைக்கு. லயத்தில் மற்றப் பிள்ளைகளுக்குச் சளி, மணல்வாரி, வயிற்றோட்டம் என்று வரும்போது இவன் மட்டும் கன்னம் பளபளக்க நின்றான். “பாரு, எப்படிக் கொழுத்திருக்கான். செத்தவன் சோத்தைத் திங்கிறவன்” என்று தண்ணீர் பிடிக்கும் பீலிக்கரையில் பெண்கள் சொன்னார்கள், கொஞ்சம் பொறாமையாக, கொஞ்சம் பயமாக. கீழே, சுவரில் இருந்த படத்தில் வெள்ளைச் சட்டை வருடத்துக்கு வருடம் தொளதொளத்துக்கொண்டு வந்தது. இரண்டாம் சித்திரையில் கழுத்துப் பட்டைக்கும் கழுத்துக்கும் நடுவே ஒரு விரல் போகும். நான்காம் சித்திரையில் காறை எலும்பு தெரிந்தது. மெனிக்கே ஒரு தடவைகூட மருதாயியிடம் அதைக் காட்டவில்லை. படத்தின் மேல் ஒரு கைக்குட்டையைப் போட்டு வைத்தாள்.

ஐந்தாம் சித்திரைக்குப் பத்து நாள் முன்பு மருதாயிக்கு இந்தியப் பாஸ்போட் வந்தது. தோட்டத்துத் தமிழருக்கு இலங்கைக் குடியுரிமை இல்லை என்று ஆன பிறகு, சன்னாசி உயிரோடு இருக்கும்போது எழுதிப் போட்டது. பல வருடம் எங்கெங்கோ கிடந்துவிட்டு, விதவைக்கும் பிள்ளைக்குமாக வந்து சேர்ந்தது. வேலாண்டிக்கும் வந்திருந்தது. தானம் முடிந்த மூன்றாம் நாள், இந்தியக் கப்பல் ஏறும் தலைமன்னாருக்கு ரயில். மருதாயி ஒரு பை தேயிலைத் தூளைக் கையில் எடுத்துக்கொண்டு சொல்வதற்காக இறங்கிப் போனாள். மெனிக்கே பலாக்கொட்டை உரித்துக்கொண்டிருந்தாள்.

“அம்மே, நாங்க போறோம்.”

“எங்கே, துவே?” மகளே என்றுதான் அவள் கூப்பிடுவாள்.

“இந்தியாவுக்கு.”

“அங்கே யார் இருக்கிறார்கள்?”

“ஒருத்தருமில்ல.”

“பிறகு?”

“இங்கயும் ஒருத்தருமில்லன்னுட்டாங்களே.”

மெனிக்கே நாலைந்து கொட்டைகளை உரித்து முடித்தாள். பிறகு தோட்டத்துத் தமிழில், நிறுத்தி நிறுத்திச் சொன்னாள்: “வருடா வருடம் தானம் வரும் நாள், அங்கே இருந்து இந்தப் பக்கம் பார்த்து மூன்று தரம் கூப்பிடு. போதும்.”

“அங்கேருந்து கூப்புட்டா இங்க கேக்குமா அம்மே?”

“கேக்காது. பரவாயில்லை.”

“பேரத் திருப்பி எடுத்துக்குங்க. வேணும்னு ஒரு சொல் சொல்லுங்க.”

“கொடுத்ததைக் கேட்கக்கூடாது. கேட்டால் கொடுக்காததாகிவிடும். அப்போது அந்தப் பதினொரு பேரும் திரும்பி வருவார்கள்.” அவள் எழுந்து உள்ளே போனாள். காற்றில் கைக்குட்டை விலகியிருந்தது. மருதாயி படத்தைப் பார்த்தாள். பசித்தவர்களை அவள் நிறையப் பார்த்திருக்கிறாள். பஞ்ச வருடத்தில் பீலிக்கரையில் உட்கார்ந்து செத்த ஆட்களைப் பார்த்திருக்கிறாள். அந்தச் சட்டைக்குள் அப்படித்தான் ஒருவன் இருந்தான்.

அன்று அவள் நேராகப் பிள்ளைமடுவத்துக்குப் போனாள். செபமாலை கோப்பைகளைக் கழுவிக் கவிழ்த்துக்கொண்டிருந்தாள்.

“பூசாரி வச்ச பேரு மூணும் ஏன்க்கா நிக்கல?”

“இது தெரியலயா ஒனக்கு? அது யாரு வீட்லயும் கொறையல. காலண்டர் தாளைக் கிழிச்சுக் குடுத்த மாதிரி குடுத்தாரு. எங்க நிக்கும்?” செபமாலை கையைத் துடைத்துக்கொண்டு அவளைப் பார்த்தாள். “நான் சொல்றன்னு கோவப்படாத. ஒங்கிட்ட ஒரு பேரு இருக்குல்ல. தகப்பன் பேரைப் புள்ளைக்கு வைக்கிறது நம்ம வழக்கந்தானே? மொத நாளே வச்சிருக்கலாமே நீ.”

“வச்சா எனக்கு இல்லாமப் போயிருமே.”

“மெனிக்கேக்கு இல்லாமப் போவலயா?”

மருதாயி வாசல் பக்கம் திரும்பிக்கொண்டாள். “புருசன் பேரைச் சொன்னா ஆயுசு கொறையும்னு அவரு இருந்த வரைக்கும் சொல்லல. செத்த பொறவு சொல்ல என்னமோ நா வரல. கொழுந்து பறிக்கைல உள்ளுக்குள்ளயே சொல்லிக்கிட்டு இருப்பேன், நெரையில நிக்கிறவளுக்குக்கூடக் கேக்காம. நான் அதை இன்னும் ஒரு தடவகூட வாயால சொல்லிப் பாக்கலக்கா.”

யாருக்கும் பதில் வைத்திருக்கும் செபமாலை கழுவின கோப்பைகளையே மறுபடியும் கழுவத் தொடங்கினாள்.

தானத்தன்று வெயில் கடுமையாக இருந்தது. நாட்டார் பாயில் உட்கார்ந்திருந்தார்கள். வேலாண்டியும் செபமாலையும் முற்றத்து ஓரம் நின்றார்கள். அந்தப் பதினொரு பேருக்கு முன்னால் நின்றவனும் வந்திருந்தான், வருடா வருடம் அவன்தான் விறகு கொண்டு வந்து போடுவான், யாரும் அவனோடு பேசமாட்டார்கள், அவனும் சாப்பிடாமல் போவான். பிக்கு ஓதினார். மெனிக்கே கெண்டியைச் சாய்த்தாள், தண்ணீர் கிண்ணத்தில் விழுந்து ஏறியது. எல்லாரும் மருதாயி கூப்பிடுவதற்காகக் காத்திருந்தார்கள். பிள்ளை முற்றத்தில் ஒரு தும்பியைத் துரத்திக்கொண்டிருந்தான். தண்ணீர் கிண்ணத்தின் விளிம்புக்கு வந்தது. மருதாயி இரண்டு கையாலும் சேலைத் தலைப்பைப் பிடித்துக்கொண்டு, தன் கல்யாண நாளிலிருந்து பதினைந்து வருடமாக நாக்குக்கு அடியில் வைத்திருந்ததை, முதல் தடவையாக, தெளிவாக, ஊர் கேட்கச் சொன்னாள்.

“சன்னாசி.”

பிள்ளை நின்றான். திரும்பினான். “என்னாம்மா?” என்றான்.

தண்ணீர் வழியத் தொடங்கியது. மெனிக்கேயின் வாய் திறந்தது. அவள் அதைத் திறக்கவில்லை, அது திறந்தது. “சுமனபால” என்றாள். பிறகு நிறுத்த முடியாமல் சொன்னாள், சுமனபால, என் மகன் சுமனபால, சமன் தெய்வத்தின் பிள்ளை சுமனபால, இது உனக்கு, இது உனக்கு, மல்லிகைத் தட்டோடு நான் நடந்து போய்க் கேட்டு வாங்கிய சுமனபால, பசியோடு எங்கே நின்றாலும் வந்து எடுத்துக்கொள். கெண்டியில் தண்ணீர் தீர்ந்துபோன பிறகும் அவள் கை சாய்ந்தபடியே இருந்தது. பிக்கு ஓத வேண்டிய இடத்தில் ஓதாமல் விசிறியால் முகத்தை மறைத்துக்கொண்டார். கித்துல் சீவுகிறவன் எழுந்து நின்று, “சுமனபாலதான்டா என் கத்தியை வாங்கிப் போனவன்!” என்று சத்தமாகச் சொல்லிவிட்டு அழுதான்.

மருதாயியை அந்த நேரத்தில் யாரும் பார்க்கவில்லை. கொழுந்துக் கூடையை இறக்கி வைத்த பிறகும் நெற்றியில் கயிறு பதிந்த இடம் கொஞ்ச நேரம் கனமாக இருக்குமே, அப்படி ஒரு கனம் அவளுக்குள் இருந்து, பிறகு அதுவும் இல்லாமல் போனது. ஆளை அவளுக்கு ஞாபகம் இருந்தது. அவன் மடியைத் தடவிப் பார்த்தது, சிரித்தது, ஏறிப்போன முதுகு எல்லாம் இருந்தன. யாருடைய முதுகு என்று சொல்ல மட்டும் ஒன்றும் இருக்கவில்லை.

புறப்படும்போது மெனிக்கே தோட்டத்து எல்லை வரைக்கும் ஏறி வந்தாள். பலாக்கொட்டைப் பொட்டலம் ஒன்றைப் பிள்ளையின் கையில் வைத்து, “சன்னாசி புதா, என் மகனே, கடலைப் பார்த்துப் பயப்படாதே” என்றாள். பிறகு மருதாயியின் பக்கம் திரும்பினாள். இரண்டு பேரும் ஒருவர் கையை ஒருவர் பிடித்துக்கொண்டு, ஒன்றையே மாற்றி மாற்றிச் சுமந்தவர்கள்போல, மூச்சு வாங்க நின்றார்கள்.

கடல் தாண்டி, மண்டபம் முகாமில் மூன்று நாள் வரிசையில் நின்றார்கள். பாஸ்போட்டைப் பிரித்துப் பார்த்த எழுத்தர் சின்ன வயசுக்காரர், நல்ல மாதிரி. “ரெண்டு எடத்துல மை கலைஞ்சிருக்கேம்மா. கப்பல்ல தண்ணி பட்டுச்சா? சரி, சொல்லுங்க எழுதிக்கிறேன். பையன் பேரு?”

“சன்னாசி.”

“பழைய காலத்துப் பேரா இருக்கே. நல்லாருக்கு. அவங்கப்பா பேரு?”

மருதாயி நின்றாள். வாய் திறந்து மூடியது. எழுத்தர் பேனாவைத் தூக்கிப் பிடித்தபடி பார்த்துவிட்டுச் சிரித்தார். “ஓ, சொல்ல மாட்டீங்களா? எங்க அம்மாவும் இப்படித்தான். கடைக்காரன் கேட்டாக்கூட என்னையத்தான் சொல்லச் சொல்லுவாங்க. கூட யாரு வந்திருக்கா, அண்ணனா? நீங்க சொல்லுங்கண்ணே.”

வேலாண்டி கழுத்தைச் சொறிந்தான். “மச்சான்னே கூப்புட்டுப் பழக்கம் சார்.”

பின்னால் நின்ற பெண்கள் சிரித்தார்கள். எழுத்தரும் சிரித்துவிட்டு, அந்த இடத்தை வெறுமையாக விட்டு, அடுத்த ஆளைக் கூப்பிட்டார்.

அந்த முகாமில் அவர்கள் எட்டு மாதம் இருந்தார்கள். சோற்றுக்கு, குளிக்க, வெயிலில் போகாமல் தடுக்க என்று மருதாயி மகனை ஒரு நாளைக்கு நாற்பது தடவை கூப்பிடுவாள், சத்தமாக, அடுத்த கொட்டகை கேட்க. கூப்பிட்டு முடித்த ஒவ்வொரு தடவையும் நாக்கைக் கடித்துக்கொண்டு, சேலைத் தலைப்பை இழுத்துத் தோளை மூடிக்கொண்டு, பக்கத்தில் யாராவது பெரியவர்கள் இருக்கிறார்களா என்று பார்ப்பாள். ஏன் அப்படிச் செய்கிறாய் என்று கேட்டால், பழக்கம் என்பாள். எதன் பழக்கம் என்று அவளுக்குச் சொல்லத் தெரியவில்லை. “பெத்த மவனைக் கூப்புட்டுட்டு வெக்கப்படுறா பாரு இவ” என்று கொட்டகைப் பெண்கள் சொல்லிச் சிரிப்பார்கள், அவளும் சிரிப்பாள்.